புகை மணக்கும் மிளகாய் மயோனைஸ்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் அடுக்ககத்தில் யார் வீட்டில் பிறந்தநாள் என்றாலும் ஒரு பாட்டில் சிபோட்லே மயோனைஸ் என் கணக்கு. பஜ்ஜிக்கும் தொட்டுக்கொள்கிறார்கள், பீட்சாவுக்கும் தொட்டுக்கொள்கிறார்கள். அப்புறம் கேள்விகள் ஆரம்பிக்கும். லிஃப்டில் ஒன்று, மொட்டைமாடியில் துணி எடுக்கும்போது ஒன்று, ராத்திரி பதினொன்றரைக்கு வாட்ஸ்அப்பில் "பிரிஞ்சு போச்சு, என்ன பண்றது?" என்று ஒன்று. ஒரே பதிலைத் திரும்பத் திரும்பச் சொல்வதற்குப் பதில் எழுதிவைத்துவிட்டேன். கேள்விகள் கேட்டவர்கள் வாயில் வந்தபடியே இருக்கின்றன.

அக்கா, சிபோட்லேன்னா மிளகாயா, சாஸா, இல்ல அந்த அமெரிக்க ஹோட்டல் பேரா?

மிளகாய். மெக்சிகோவின் ஹாலபீனோ மிளகாயைச் செடியிலேயே சிவக்கப் பழுக்கவிட்டுப் பறித்து, விறகுப் புகையில் நாள்கணக்கில் காயவைத்தால் அதுதான் சிபோட்லே. அஸ்டெக் மக்கள் பேசிய நாவாட்டில் மொழியில் மிளகாய்க்கு 'சில்லி', புகைக்கு 'போக்ட்லி'. இரண்டும் ஒட்டித் தேய்ந்து வந்த பெயர் இது. ஹாலபீனோ என்ற பெயர் வெராக்ரூஸ் மாநிலத்து ஹலாபா நகரிலிருந்து வந்தது. நீங்கள் சொல்லும் ஹோட்டல் 1993இல் டென்வர் நகரில் தொடங்கியது. மிளகாயின் பெயரை அவர்கள் எடுத்துக்கொண்டார்கள்.

நாம் செய்யப்போவது அந்த மிளகாயை விழுதாக்கி மயோனைஸில் கலக்கும் சாஸ். மெக்சிகோவின் பஹா கலிஃபோர்னியா பக்கம் பொரித்த மீன் வைத்து மடித்த ரொட்டியான டாக்கோவின் மேல் இந்த மாதிரி வெள்ளை சாஸோ சிவந்த சாஸோ ஊற்றித் தருவது வழக்கம்.

மிளகாயைப் போய் எதுக்குப் புகை போடணும்? நம்ம மாதிரி வெயில்ல காயவச்சா ஆகாதா?

ஆகாது, காரணம் அதன் தோல். நம் குண்டு மிளகாயோ நீட்டு மிளகாயோ தோல் மெல்லிசு. களத்தில் பரப்பினால் சில நாளில் கலகலவென்று காய்ந்துவிடும். ஹாலபீனோவின் சதை குடைமிளகாய் மாதிரி தடிமன். வெயிலில் போட்டால் வெளியே சுருங்கி உள்ளே ஈரம் நின்று அழுகத் தொடங்கும். அதனால் அங்கே அடியில் நெருப்பு மூட்டிப் புகையிலேயே காயவைத்தார்கள். கெடாமல் இருக்கச் செய்த வேலை, ருசியாகிவிட்டது. நம்மூர் மாசிக் கருவாட்டுக்கும் ஏறக்குறைய இதே கதைதான்.

பத்து கிலோ பழுத்த மிளகாய் போட்டால் ஒரு கிலோ சிபோட்லே கிடைக்கும் என்பது பொதுவாகச் சொல்லும் கணக்கு. விலை ஏன் அப்படி என்று இனி கேட்க மாட்டீர்கள். இதில் மொரிட்டா, மெக்கோ என்று இரண்டு வகை உண்டு. மொரிட்டா சின்னது, கருஞ்சிவப்பு. மெக்கோ கூடுதல் நாள் புகையில் கிடந்து சுருட்டுத்தூள் நிறத்துக்கு வந்தது.

இங்க எங்க கிடைக்கும்? டின்ல வர்றதும் காஞ்சதும் ஒண்ணா?

பெரிய சூப்பர் மார்க்கெட்டிலும் ஆன்லைனிலும் டின் கிடைக்கிறது. உள்ளே இருப்பது வெறும் மிளகாய் இல்லை. தக்காளி, வினிகர், வெங்காயம், பூண்டு, மசாலா சேர்ந்த 'அடோபோ' என்ற குழம்பில் ஊறிய சிபோட்லே. ஒரு கப் மயோனைஸுக்கு இரண்டு மிளகாயும் ஒரு டேபிள்ஸ்பூன் குழம்பும் போட்டு அடித்தால் சாஸ் தயார். டின்னைத் திறந்த பிறகு மிச்சத்தை அதிலேயே வைக்காதீர்கள். ஐஸ் தட்டில் ஒவ்வொரு கரண்டியாக ஊற்றி ஃப்ரீசரில் வைத்தால் மாதக்கணக்கில் வரும்.

காய்ந்த சிபோட்லே கிடைத்தால் காம்பு கிள்ளிச் சூடான தண்ணீரில் அரை மணி நேரம் ஊறவைத்து அரைக்க வேண்டும். புளிப்பும் இனிப்பும் அதில் இருக்காது, நாம்தான் சேர்க்க வேண்டும்.

அதெல்லாம் வேண்டாம் ஆன்ட்டி, நம்ம காஞ்ச மிளகாயை வச்சே பண்ண முடியாதா?

முடியும். நானே முக்கால்வாசி நேரம் அப்படித்தான் செய்கிறேன். அது சிபோட்லே ஆகாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஹாலபீனோவில் ஒரு பழ வாசனை உண்டு. காய்ந்த திராட்சை மாதிரி. நம் மிளகாயில் அது வேறு மாதிரி இருக்கும். ஆனால் தொட்டுக்கொள்பவர்களில் பத்தில் ஒன்பது பேர் வித்தியாசம் கேட்க மாட்டார்கள்.

நிறத்துக்கும் விழுதின் கெட்டிக்கும் பியாட்கி மிளகாய். கர்நாடகத்து மிளகாய், சுருக்கம் சுருக்கமாக இருக்கும், சிவப்பு அதிகம், காரம் குறைச்சல். காரத்துக்கு இரண்டு குண்டு மிளகாய். குண்டூர் மிளகாயை மட்டும் போட்டுச் செய்தால் காரம்தான் இருக்கும், ருசி பார்க்க நாக்கு இருக்காது. காஷ்மீரி மிளகாயும் சரிதான்.

கேஸ் அடுப்புல நேரா சுட்டுட்டா புகை வாசனை வந்துடாதா?

என்னிடம் வரும் கேள்விகளில் முக்கியமானது இதுதான். சுட்டது வேறு, புகையில் வைத்தது வேறு. நெருப்பில் நேராகக் காட்டினால் மிளகாயே கருகுகிறது; கிடைப்பது கருகல் ருசி. சிபோட்லேயில் மிளகாய் கருகுவதில்லை. வேறெங்கோ விறகு எரிகிறது, அதன் புகை வந்து மிளகாயில் படிகிறது. விறகில் இருக்கும் லிக்னின் என்ற பொருள் சூட்டில் உடைந்து குவாயகால், சிரிங்கால் மாதிரி வாசனைப் பொருள்கள் உண்டாகின்றன. நாம் 'புகை வாசனை' என்று சொல்வது இவற்றைத்தான். கேஸ் நெருப்பில் விறகே கிடையாது, அப்புறம் அந்த வாசனை எங்கிருந்து வரும்?

எனக்கு இது முதல் முறை தெரியவில்லை. பத்து மிளகாயை இடுக்கியில் பிடித்து அடுப்பில் காட்டினேன். திருஷ்டி கழிக்க மிளகாயை நெருப்பில் போட்டு நெடி வரவில்லை என்றால் கண்பட்டிருக்கிறது என்பார்கள். அன்றைக்கு வந்த நெடியைப் பார்த்தால் எங்கள் குடும்பத்தின் மேல் ஒருத்தர் கண்ணும் படவில்லை. எதிர்வீட்டு மாமி கதவைத் தட்டி "என்னம்மா ஆச்சு?" என்று இருமிக்கொண்டே கேட்டார். சாஸோ வெறும் கசப்பு.

அப்ப வீட்ல புகை எப்படித்தான் போடறது?

வேண்டியவை: மூடியுள்ள பெரிய அலுமினியப் பாத்திரம் ஒன்று, சின்ன எவர்சில்வர் கிண்ணம் ஒன்று, காய்ந்த கொட்டாங்குச்சி. கொட்டாங்குச்சியில் நார் எல்லாம் சுரண்டிவிடுங்கள். பெரிய துண்டு ஒன்றை நன்றாகச் சிவந்த தணலாக்கிக் கிண்ணத்தில் வைத்து, கிண்ணத்தைப் பாத்திரத்தின் நடுவில் ஆடாமல் நிறுத்துங்கள். சுற்றி மிளகாயைப் பரப்புங்கள். ஒரு ஓரத்தில் அகலமான தட்டில், சாஸுக்கு வேண்டிய எண்ணெயையும் ஊற்றி வையுங்கள். தணல் மேல் நகம் அளவு கொட்டாங்குச்சிச் சில்லு நாலைந்து போட்டதும் புகை கிளம்பும். மூடி ஐந்து நிமிடம். திறந்து, சில்லு மாற்றி, இன்னொரு ஐந்து நிமிடம். போதும்.

எண்ணெயை ஏன் உள்ளே வைக்கிறோம் என்றால், புகையின் வாசனைப் பொருள்கள் கொழுப்பில் நன்றாக ஒட்டும். மயோனைஸில் பெரும்பங்கு எண்ணெய்தான். எண்ணெய் புகை பிடித்துவிட்டால் சாஸ் முழுக்க வாசனை பரவிவிடும். மிளகாயை மட்டும் புகைத்தால் இதில் பாதிகூட வராது. இதைக் கண்டுபிடிக்க எனக்கு ஏழெட்டு முறை ஆனது.

பால்கனியிலோ மாடியிலோ செய்யுங்கள். மூடிய சமையலறையில் தணல் வைப்பது ஆபத்து. கண்ணுக்கும் மூக்குக்கும் தெரியாத கார்பன் மோனாக்சைடு அதிலிருந்து வரும். முடிந்ததும் தணலைத் தண்ணீரில் போட்டு அணைத்துவிட்டுத்தான் உள்ளே வரவேண்டும்.

ஹோட்டல்ல பட்டர் சிக்கனுக்குக் கரி வச்சு நெய் ஊத்துவாங்களே, அது போதாதா?

அதுவும் நல்ல வாசனைதான், ஆனால் வேறு வாசனை. அங்கே எரிவது நெய். தந்தூரி அடுப்பில் கொழுப்பு சொட்டி எழும் புகை மாதிரி இருக்கும். சிபோட்லேக்கு வேண்டியது விறகுப் புகை. அதனால்தான் மேலே நெய்க்குப் பதில் கொட்டாங்குச்சிச் சில்லு சொன்னேன். அதில் லிக்னின் நிறைய. வீட்டில் கிடக்கும் பலகைத் துண்டு, பெயின்ட் அடித்த மரம், பிளைவுட் இதையெல்லாம் எரிக்கவே கூடாது.

சரி, முதல்லேர்ந்து அளவோட சொல்லுங்க.

விழுதுக்கு: புகைத்த பியாட்கி எட்டு, குண்டு மிளகாய் இரண்டு, சின்னத் தக்காளி ஒன்று, பூண்டு நாலு பல், சீரகம் அரை டீஸ்பூன், வினிகர் இரண்டு டேபிள்ஸ்பூன், சுண்டைக்காய் அளவு வெல்லம், உப்பு. மிளகாயின் விதையை உதறிவிட்டு அரை மணி நேரம் வெந்நீரில் ஊறவைத்துப் பிழிந்து, மற்றதோடு சின்ன ஜாரில் மையாக அரையுங்கள். கொஞ்சம் எண்ணெயில் இதை நன்றாகச் சுண்ட வதக்க வேண்டும், வத்தக்குழம்பு மசாலா மாதிரி எண்ணெய் கக்கும்வரை. ஆறவிடுங்கள். முழுதாக ஆறவேண்டும்.

மயோனைஸுக்கு: காய்ச்சி, ஆடை எடுத்து, ஃப்ரிட்ஜில் குளிர்ந்த கெட்டிப் பால் 100 மி.லி., புகைத்த சூரியகாந்தி எண்ணெய் 200 மி.லி., எலுமிச்சைச் சாறு ஒரு டேபிள்ஸ்பூன், கடுகு விழுது அரை டீஸ்பூன், உப்பு அரை டீஸ்பூன். உயரமான, ஒடுங்கிய டம்ளரில் முதலில் பாலும் கடுகு விழுதும், அதன் மேல் எண்ணெய். கை பிளெண்டரை அடிவரை இறக்கி, அசைக்காமல் இருபது விநாடி ஓட்டுங்கள். அடியிலிருந்து வெள்ளையாகக் கெட்டிப்படுவது தெரியும். பிறகு மெதுவாக மேலே தூக்குங்கள். கடைசியில் எலுமிச்சையும் உப்பும். சாறு விழுந்ததும் இன்னும் இறுகும்.

இதில் இரண்டு டேபிள்ஸ்பூன் விழுதைக் கரண்டியால் கலக்குங்கள். அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டு ருசி பாருங்கள்.

மயோனைஸ்னாலே முட்டைதானே? பால்ல எப்படி வரும்?

எண்ணெயும் தண்ணீரும் சேராது. சேர்த்துவைக்க ஒரு தரகர் வேண்டும். முட்டையில் அந்தத் தரகர் மஞ்சள் கருவில் உள்ள லெசித்தின். பாலில் கேசின் முதலான புரதங்கள். எண்ணெயைப் பொடிப்பொடித் துளியாக உடைத்து, ஒவ்வொரு துளியையும் இவை சுற்றிக்கொள்கின்றன. துளிகள் நெருக்கியடித்து நிற்பதால் கெட்டியாகத் தெரிகிறது. கடுகு விழுதும் கொஞ்சம் ஒத்தாசை செய்யும், அதை ருசிக்காக மட்டும் போடவில்லை.

முட்டை மயோனைஸ் இன்னும் கனமாக, வழவழப்பாக இருக்கும் என்பது உண்மை. ஆனால் எங்கள் அடுக்ககத்தில் சைவம் சாப்பிடுபவர்கள் பாதி. அதைத் தவிர, அடுத்த கேள்வியில் வரும் காரணமும் இருக்கிறது.

தமிழ்நாட்டுல முட்டை மயோனைஸைத் தடை பண்ணினாங்களே, வீட்ல செஞ்சா தப்பா?

2025 ஏப்ரலில் தமிழக அரசு பச்சை முட்டையில் செய்யும் மயோனைஸைத் தயாரிக்க, சேமிக்க, விற்க ஓராண்டுத் தடை போட்டது. அதற்கு முந்தைய ஆண்டு தெலங்கானாவும், 2023இல் கேரளாவும் இதே மாதிரி நடவடிக்கை எடுத்தன. உங்கள் வீட்டுக்கு நீங்கள் செய்வதை யாரும் வந்து கேட்கப்போவதில்லை. ஆனால் தடைக்கான காரணம் உங்கள் வீட்டு முட்டைக்கும் பொருந்தும். சால்மோனெல்லா கிருமி ஓட்டின் மேலும் இருக்கலாம், உள்ளேயும் இருக்கலாம். மயோனைஸ் வேகாத பண்டம். நம் ஊர் வெக்கையில் வெளியே கிடந்தால் கிருமிக்கு விருந்துதான்.

முட்டையில்தான் வேண்டும் என்றால் கருவை வேகவைத்துச் செய்யுங்கள். இரண்டு மஞ்சள் கருவோடு இரண்டு டேபிள்ஸ்பூன் தண்ணீர், ஒரு டேபிள்ஸ்பூன் வினிகர் சேர்த்து, கொதிக்கும் தண்ணீர்ப் பாத்திரத்தின் மேல் வேறு கிண்ணத்தில் வைத்து விடாமல் கிளறவும். 71 டிகிரி செல்சியஸ் வந்ததும் இறக்கிவிட வேண்டும். சமையல் தெர்மாமீட்டர் இல்லாமல் கண்மதிப்பில் செய்யாதீர்கள். ஒன்று வேகாது, இல்லையென்றால் பொடிமாஸ் ஆகும். ஆறியதும் பிளெண்டர் ஓட ஓட 200 மி.லி. எண்ணெயை நூலாக ஊற்றுங்கள். கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள், வயதானவர்கள் இருக்கும் வீட்டில் பச்சை முட்டை வேண்டவே வேண்டாம்.

எங்கிட்ட கை பிளெண்டர் இல்ல. மிக்ஸில போட்டா தண்ணியாவே நிக்குது.

பெரிய ஜாரில் போட்டிருப்பீர்கள். பால் அடியில் மெல்லிசாகப் பரவி, பிளேடு அதன் மேலே சுற்றிக்கொண்டிருக்கும். சட்னி ஜாரை எடுங்கள். அதிலும் முதலில் பாலை மட்டும் ஓட்டி, எண்ணெயை ஐந்தாறு தவணையாக ஊற்றி, ஒவ்வொரு தவணைக்கும் இரண்டு இரண்டு விநாடி விட்டுவிட்டு ஓட்டுங்கள். தொடர்ந்து ஓட்டினால் ஜார் சூடேறும், சூடேறினால் பிரியும். கோடைக்காலத்தில் நான் ஜாரையே கொஞ்ச நேரம் ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டு எடுப்பேன்.

நல்லா வந்துட்டு இருந்தது, திடீர்னு திரிஞ்சு போச்சு. கொட்டிடட்டுமா?

கொட்டாதீர்கள். வேறு டம்ளரில் இரண்டு டேபிள்ஸ்பூன் குளிர்ந்த பால் எடுத்து (முட்டை மயோனைஸ் என்றால் வேகவைத்த கரு ஒன்று), பிளெண்டர் ஓடும்போதே திரிந்ததைக் கொஞ்சம் கொஞ்சமாக அதில் ஊற்றுங்கள். பெரும்பாலும் திரும்பிவிடும். திரும்பவே இல்லை என்றால் அது புகை மணக்கும் எண்ணெய்தானே, உருளைக்கிழங்கை வதக்க ஆகும்.

எண்ணெயை அவசரமாக ஊற்றியது, சூடு, ஆறாத விழுதை அப்படியே போட்டது, இவைதான் வழக்கமான காரணங்கள். மூன்றாவதில்தான் நிறையப் பேர் விழுகிறார்கள். முழுதாக ஆறவேண்டும் என்று மேலே தனியாகச் சொன்னது அதற்காகத்தான்.

என்ன எண்ணெய் நல்லது? செக்கு நல்லெண்ணெய் போடலாமா?

வாசனை இல்லாத எண்ணெய். சூரியகாந்தி, அரிசித் தவிட்டு எண்ணெய், சுத்திகரித்த கடலை எண்ணெய் எதுவும் சரி. நல்லெண்ணெயில் செய்தால் இட்லிப்பொடி ஞாபகம்தான் வரும். தேங்காய் எண்ணெய் 24 டிகிரிக்குக் கீழே உறையும் என்பதால் ஃப்ரிட்ஜில் கட்டியாகிவிடும். விலை உயர்ந்த எக்ஸ்ட்ரா வர்ஜின் ஆலிவ் எண்ணெயைப் பிளெண்டரில் அடித்தால் கசப்பு மேலே வரும். அது சாலட்டில் ஊற்றும் எண்ணெய், அதை அங்கேயே விடுங்கள்.

எனக்குக் கசக்குது. எல்லாம் சொன்ன மாதிரிதான் செஞ்சேன்.

அப்படிச் சொன்னவர்களிடம் துருவிக் கேட்டால் ஏதாவது ஒன்று அகப்படும். மிளகாய் கருகியிருக்கும், அல்லது விழுது அடிபிடித்திருக்கும். ஆலிவ் எண்ணெய் கதையை இப்போதுதான் சொன்னேன். எதுவும் இல்லை என்றால் புகையைச் சந்தேகியுங்கள். வாசனை அதிகம் வரட்டும் என்று இருபது நிமிடம் மூடிவைப்பவர்கள் உண்டு. காற்றில்லாமல் தணல் மூச்சுமுட்டி, அடர்த்தியாக வெள்ளைப் புகை விடும். அது தார் மாதிரி படிந்து கசக்கும். ஐந்து ஐந்து நிமிடமாகத் திறந்து மூடச் சொன்னது இதற்காகத்தான். லேசான கசப்பு என்றால் இன்னும் கொஞ்சம் வெல்லமும் எலுமிச்சையும் மறைக்கும். அதிகம் என்றால் ஒன்றும் செய்வதற்கில்லை.

காரமே தெரியலையேன்னு இன்னும் விழுது போட்டேன். மறுநாள் வாயில வைக்க முடியல!

மிளகாயின் காரமான கேப்சைசின் கொழுப்பில் கரையும், தண்ணீரில் சரியாகக் கரையாது. எண்ணெயில் ஊற ஊறத்தான் சாஸ் முழுக்கப் பரவும். அதோடு, கொழுப்பு நாக்கைப் பூசிக்கொள்வதால் முதல் வாயில் காரம் மட்டுப்பட்டுத் தெரிந்து, பின்னால் ஏறும். அரை மணி நேரம் கழித்து ருசி பாருங்கள் என்றது அதனால். ஏறிவிட்ட காரத்தைத் தண்ணீர் விட்டுக் குறைக்க முடியாது, சாஸ்தான் கெடும். விழுது போடாத மயோனைஸ் இன்னொரு பங்கு செய்து கலந்துவிடுங்கள்.

மிளகாய் பிய்த்த கை எரிந்தால் முதலில் எண்ணெய் தடவித் துடைத்துவிட்டு, அப்புறம் சோப்புப் போடுங்கள். காரணம் அதேதான்.

ரொம்பத் தண்ணியா இருக்கு, தொட்டா சொட்டுது.

விழுதைச் சுண்ட வதக்கவில்லை. போய் அளவு சொன்ன பதிலை மறுபடி படியுங்கள்.

எண்ணெய் இவ்வளவா! டயட்ல இருக்கேன், தயிர்ல பண்ணலாமா?

பண்ணலாம், அதை மயோனைஸ் என்று சொல்லாமல் இருந்தால் நான் சண்டைக்கு வரமாட்டேன். கெட்டித் தயிரைத் துணியில் கட்டி இரவு முழுக்க ஃப்ரிட்ஜில் வடியவிட்டு, இரண்டு டேபிள்ஸ்பூன் புகைத்த எண்ணெயும் விழுதும் கலக்குங்கள். எலுமிச்சையும் வினிகரும் குறையட்டும், தயிரிலேயே புளிப்பு இருக்கிறது. இதைவிட எனக்குப் பிடித்தது முந்திரி. 100 கிராம் முந்திரியை இரண்டு மணி நேரம் வெந்நீரில் ஊறவைத்து, கொஞ்சம் தண்ணீர் விட்டு வெண்ணெயாக அரைத்து, இதே மாதிரி புகைத்த எண்ணெயோடு கலந்தால் பால், முட்டை எதுவும் இல்லாமல் நல்ல சாஸ். கலோரி குறையும் என்று மட்டும் நம்பிவிடாதீர்கள்.

மோர் மிளகாய் வறுத்து அரைச்சுப் போட்டா?

போட்டுப் பார்த்தேன். புகை இல்லை, உப்பு மட்டும் ஏகம். தயிர் சாதத்துக்கு அப்படியே வைத்துக்கொள்வது உத்தமம்.

புகை போடவே நேரமில்ல. ஸ்மோக்டு பாப்ரிகா, லிக்விட் ஸ்மோக் பரவாயில்லையா?

ஸ்மோக்டு பாப்ரிகாவில் நல்லது ஸ்பெயினின் லா வேரா பகுதியில் ஓக் விறகுப் புகையில் காயவைத்த மிளகாயின் பொடி. ஒரு பங்கு மயோனைஸுக்கு ஒன்றரை டீஸ்பூன் போடுங்கள். காரத்துக்குத் தனியாக மிளகாய்த்தூள் வேண்டும், ஏனென்றால் இனிப்பு வகையில் காரமே இருக்காது. அவசரத்துக்கு இதுதான் என் தேர்வு.

லிக்விட் ஸ்மோக் என்பது உண்மையான விறகுப் புகையைக் குளிரவைத்துத் தண்ணீரில் பிடித்தது. நாலைந்து சொட்டுக்கு மேல் போனால் ஆஸ்பத்திரி வாடை வரும்.

புகை போட்டது புற்றுநோய் வரவைக்கும்னு படிச்சேனே?

விறகோ கரியோ எரியும்போது பென்சோபைரீன் முதலான சில வேதிப்பொருள்கள் உண்டாகின்றன என்பதும், அவை நல்லதில்லை என்பதும் உண்மை. 2024இல் ஐரோப்பிய ஒன்றியம் எட்டுப் புகைச் சுவையூட்டிகளின் அனுமதியைப் புதுப்பிக்க மறுத்தது, மரபணுவைப் பாதிக்கலாம் என்ற கவலையால். எவ்வளவு, எத்தனை முறை என்பதுதான் விஷயம். மாதம் ஒரு முறை இரண்டு கரண்டி தொட்டுக்கொள்வதற்கு நான் பயப்படவில்லை. தினமும் சப்பாத்திக்குத் தடவ மாட்டேன். கருகியதைத் தவிர்ப்பதும், பத்து நிமிடத்துக்கு மேல் புகைக்காமல் இருப்பதும் இதற்கும் நல்லது.

எத்தனை நாள் வரும்? பையனுக்கு டிபன் பாக்ஸ்ல வச்சு விடலாமா?

பால் மயோனைஸ் ஃப்ரிட்ஜில் மூன்று நாள். வேகவைத்த கருவில் செய்ததும் அவ்வளவே என்று வைத்துக்கொள்ளுங்கள். வெளியே வைத்தால் இரண்டு மணி நேரம். 32 டிகிரிக்கு மேல் வெயில் என்றால் ஒரு மணி நேரம்தான். சென்னையில் அது வருடத்தில் பாதி நாள். டிபன் பாக்ஸ் காலை ஏழரைக்குக் கட்டி மதியம் பன்னிரண்டரைக்குத் திறப்பது. வேண்டாம். ஃப்ரீசரிலும் வைக்காதீர்கள், உருகும்போது எண்ணெய் தனியே நிற்கும். விழுதை மட்டும் ஃப்ரீசரில் வைத்து, மயோனைஸைத் தேவைப்படும்போது புதிதாக அடியுங்கள்.

புகைத்த எண்ணெய்ல பச்சைப் பூண்டு தட்டிப் போட்டு பாட்டில்ல வச்சிருக்கேன், வாசனை சூப்பர். சரிதானே?

இதைப் படித்ததும் அந்தப் பாட்டிலைக் கொட்டிவிடுங்கள். காற்றில்லாத, புளிப்பில்லாத இடத்தில் வளரும் போட்டுலிசம் கிருமிக்கு எண்ணெய்க்குள் கிடக்கும் பச்சைப் பூண்டு தோதான வீடு. அதன் நஞ்சு உயிருக்கே ஆபத்து. கெட்டது வாசனையில் தெரியவும் தெரியாது. நம் ஊறுகாய் தப்பிப்பது உப்பும் புளிப்பும் இருப்பதால். இதில் இரண்டும் இல்லை. புகைத்த எண்ணெயைப் பூண்டு எதுவும் போடாமல் தனியாக வையுங்கள். பூண்டு விழுதிலேயே வெந்து, வினிகரோடு இருக்கட்டும்.

அந்த எண்ணெயை முன்கூட்டியே புகைச்சு வச்சுக்கலாமா? நான் வச்சது ரெண்டு வாரத்துல வாசனையே போயிடுச்சு.

வைக்கலாம், ஆனால் அகலமான டப்பாவில் பாதி நிரப்பி வைத்தால் நீங்கள் சொன்னதுதான் நடக்கும். ஒவ்வொரு முறை திறக்கும்போதும் மேலே நிற்கும் காற்றோடு வாசனை போய்விடும். பழைய வினிகர் பாட்டில் மாதிரி சின்னக் கண்ணாடி பாட்டிலில் கழுத்துவரை ஊற்றி, இறுக மூடி, இருட்டில் வையுங்கள். பிளாஸ்டிக் வேண்டாம், வாசனை பாட்டிலுக்குப் போய்விடும், பாட்டிலை அப்புறம் எதற்கும் பயன்படுத்த முடியாது. என் அலமாரியில் ஒரு தண்ணீர் பாட்டில் இப்படி இன்னும் கருவாட்டுக் கடை வாசனையோடு இருக்கிறது.